கேமராவுக்கு முதுகு காட்டி நின்றவர்

செய்தி வந்தபோது நான் நைட் டூட்டி முடிந்து ஆஸ்பத்திரி பஸ்ஸில் குவைத்தின் அப்பாசியாவுக்குத் திரும்பிக்கொண்டிருந்தேன். எங்கள் கட்டடத்துக்கென்று ஒரு வாட்ஸ்அப் குழு உண்டு. தண்ணீர் வராத நாள், லிஃப்ட் ஓடாத நாள், ஊருக்கே போய்விடுகிறவர்கள் விற்கும் சோபா, கட்டில் இவைதான் அதில் வரும். அன்று வந்தது இது: "மூன்றாம் மாடி முரளி சாரின் தாயார் இன்று அதிகாலை காலமானார்." அதன்கீழே கைகூப்பும் படங்கள் வரிசையாக விழத் தொடங்கின. நடுவில் ஒருவர் யார் என்று கேட்டார். "கண்ணாடி போட்ட வயசான அம்மா, ரிட்டயர்ட் டீச்சர்" என்று இன்னொருவர் பதில் போட்டார். கேட்டவரும் ஒரு கைகூப்பு போட்டுவிட்டு நகர்ந்துவிட்டார்.

எனக்கு அழுகைக்கு முன்னால் கோபம்தான் வந்தது. அந்த அம்மாவுக்கு வேதவல்லி என்று ஒரு பெயர் இருந்தது. அவர் ஒருநாளும் டீச்சராக இருந்ததில்லை. அறுபதுகளில் கோடம்பாக்கத்தில், நீங்களும் நானும் பார்த்திருக்கக்கூடிய எத்தனையோ கறுப்பு வெள்ளைப் படங்களில் நடித்தவர். இந்தக் கட்டடத்தில் அதை அறிந்தவர்கள் அவர் வீட்டு ஆட்களும் நானும் மட்டுமே. பஸ்ஸில் பக்கத்தில் இருந்த மலையாளி நர்ஸ் "எந்து பற்றி?", என்ன ஆயிற்று என்று கேட்டாள். ஒன்றுமில்லை என்று தலையாட்டிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

இப்போது இதை எழுதச் சொன்னவர் அவருடைய மகன் முரளிதான். அவர் கேட்காமல் இருந்தால் இதைச் சொல்ல எனக்கு எந்த உரிமையும் இல்லை. எங்கள் கட்டடத்தில் இருக்கிறவர்களுக்கும், இருந்துவிட்டு ஊருக்குப் போய்விட்டவர்களுக்கும் இதை எழுதுகிறேன். லிஃப்ட்டில் அவருக்கு இடம் விட்டு ஒதுங்கி நின்றிருப்பீர்கள். பக்காலா மளிகைக் கடையில் அவருக்குப் பின்னால் வரிசையில் நின்று, கொத்தமல்லிக்கு இவ்வளவு யோசனையா என்று சலித்துக்கொண்டிருப்பீர்கள். அந்த அம்மாதான்.

காலை பத்து மணிக்கு மேல் எங்கள் கட்டடம் எப்படி இருக்கும் என்று டூட்டிக்குப் போகிறவர்களுக்குத் தெரியாது. பிள்ளைகள் ஸ்கூல் வேனில் போயாகிவிடும், பெரியவர்கள் ஆபீஸ் போயாகிவிடும். ஏசி ஓடும் சத்தமும் கட்டடக் காவலாளி ஹாரிஸ் படிக்கட்டு கழுவும் சத்தமும்தான் மிச்சம். அப்படிப்பட்ட ஒரு காலையில் நான் டூட்டி முடிந்து வந்து சாவியைத் தேடிக்கொண்டிருந்தபோது எதிர் வீட்டுக் கதவு திறந்தது. "தூக்கம் வருதா, இல்ல டீ குடிப்பியா கண்ணு?" என்று வேதாம்மா கேட்டார். அந்தக் குரலில் இருந்த ஆசையைப் பார்த்தால், டீ எனக்கு வேண்டியதா அவருக்கு வேண்டியதா என்று சொல்ல முடியாது. முரளியும் மனைவியும் வேலைக்குப் போய்விடுவார்கள். பேத்தி படிப்புக்கென்று கனடா போய்விட்டாள். பக்கத்து வீடுகள் எல்லாம் மலையாளம். வடபழனியில் கூடவே இருந்த அக்கா இறந்ததும் மகன் குவைத்துக்கு அழைத்துக்கொண்டுவிட்டார். அழைத்துக்கொண்டது அன்பினால்தான். ஆனால் பகல் முழுக்க அந்த வீட்டில் அவரோடு இருந்தது ஃபிரிட்ஜ் மட்டும்தான்.

முதல் டீயிலேயே நான் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். எனக்கே இன்றுவரை ஆச்சரியம். நான் தக்கலைக்காரி. கண்டவர்களிடம் குடும்பக் கதை பேசுகிறவள் இல்லை. ஆனால் அந்த அம்மா அடுப்புப் பக்கத்தில், எனக்கு நேராக இல்லாமல் கொஞ்சம் ஒதுங்கி நின்று, தலையை இடது பக்கமாக லேசாகச் சாய்த்து என்னைப் பார்த்தார். ஒரு வார்த்தை சொல்லவில்லை. "அய்யோ பாவம்" என்றுகூடச் சொல்லவில்லை. மகளை மாமியாரிடம் விட்டுவிட்டு வந்திருக்கிறேன் என்று தொடங்கி, முந்தின நாள் போனில் அவள் என் மாமியாரை "அம்மா" என்று கூப்பிட்டது வரை சொல்லி முடித்தபோது நான் தேம்பிக்கொண்டிருந்தேன். வேதாம்மா அடுப்பை அணைத்தார். பிறகு, "நல்லா வந்துச்சு கண்ணு. இன்னொரு டேக் வேண்டாம்" என்றார்.

"என்னம்மா சொல்லுதீங்க?" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டே கேட்டேன். அவர் நாக்கைக் கடித்துக்கொண்டார். "ஒண்ணுமில்ல. பழக்க தோஷம்" என்று சொல்லிவிட்டுப் பால் பாத்திரத்தைக் கழுவப் போய்விட்டார்.

அதற்கப்புறம் நான் விடுவேனா? நைட் டூட்டி முடிந்து வரும் ஒவ்வொரு காலையிலும் ஒரு டீ, ஒரு துணுக்குக் கதை என்று கறந்துவிட்டேன். பதினாறு பதினேழு வயதில் அக்காவோடு கும்பகோணத்திலிருந்து மெட்ராஸ் வந்தவர். அக்கா நடனக் குழுவில் ஆடினாள். இவருக்கு ஆட்டம் வரவில்லை. கூட்டத்தில் நிற்கிற வேலைதான் கிடைத்தது. கல்யாண வீட்டுப் பெண், கோயில் பெண், குடத்தோடு போகும் பெண். ஒருநாள் கதாநாயகி அழவேண்டிய காட்சி. எதிரில் நிற்கவேண்டிய நடிகை வேறு படத்துக்குப் போய்விட்டார். இந்தச் சின்னப் பெண்ணைப் பிடித்து அதே நிறப் புடவை சுற்றி, கேமராவுக்கு முதுகு காட்டி நிற்க வைத்தார்கள். கதாநாயகி இவர் முகத்தைப் பார்த்தபடி வசனத்தைத் தொடங்கினார். கிளிசரின் போடாமலேயே கண்ணீர் வந்துவிட்டதாம்.

ஒருவர் தோளுக்கு மேலாக எதிரில் இருப்பவரின் முகத்தை எடுக்கிற ஷாட்டுக்கு சினிமாக்காரர்கள் "சஜஷன்" என்று சொல்வார்களாம். திரையின் ஓரத்தில் ஒரு தோள், கொஞ்சம் பின்னந்தலை தெரியும். பார்க்கிறவர்கள் கண் அங்கே போகாது. பெரிய நடிகர்கள் தங்கள் முகத்தை எடுத்து முடிந்ததும் கிளம்பிவிடுவார்கள். எதிராளியின் அழுகையை எடுக்கும்போது அவர்களுக்குப் பதிலாக யாராவது நிற்கவேண்டும். அப்படி நிற்கிறவராகவே ஆகிவிட்டார் வேதவல்லி. "சஜஷன் வேதா எங்கே?" என்று செட்டில் குரல் கொடுப்பார்களாம். தோழிக்காக நின்றார், மாமியாருக்காக நின்றார். கதாநாயகனின் சால்வையைப் போர்த்திக்கொண்டு, தலைப்பாகை வைத்துக்கொண்டுகூட நின்றார். "எத்தனை ஹீரோவுக்கு நான் தோள் கொடுத்திருக்கேன் தெரியுமா?" என்று சொல்லிவிட்டுத் தன் ஜோக்குக்குத் தானே வாய்விட்டுச் சிரித்தார். அந்தச் சிரிப்பை நான் அந்த வீட்டில் வேறு நேரத்தில் கேட்டதில்லை.

யார் யாருக்காக நின்றார் என்று நான் எவ்வளவு துருவினாலும் பெயர் சொல்ல மாட்டார். எல்லாக் கதாநாயகிகளும் அவருக்கு "அந்தம்மா"தான். "பேரச் சொன்னா நீ அவங்களப் பத்தித்தான் கேப்பே" என்பார். அதுவும் நிஜம்தான், நான் அப்படித்தான் கேட்டிருப்பேன். அவருக்கு சினிமாப் பெயர் ஏதாவது வைத்தார்களா என்று கேட்டேன். "டைட்டில்ல பேர் போட்டாத்தானே கண்ணு, புதுப் பேர் வெக்கணும்? வேதவல்லியே போதும்னு விட்டுட்டாங்க." பழைய படம் எதையாவது என் போனில் போட்டால், பெயர்கள் ஓடும்போது கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்ப்பார். கடைசியில் "மற்றும் பலர்" என்று வரும். "அதோ, வந்துட்டேன்" என்பார்.

என் மடத்தனத்தையும் சொல்ல வேண்டும். மாதக்கணக்கில் நான் அந்தப் படங்களில் அவருடைய முகத்தைத் தேடிக்கொண்டிருந்தேன். நடனக் கூட்டத்தில் மூன்றாவதாக நிற்கிற பெண், பந்தி பரிமாறுகிற பெண் என்று ஒவ்வொருத்தியையும் நிறுத்தி, பெரிதாக்கி, "இது நீங்கதானம்மா?" என்று கொண்டுபோய்க் காட்டுவேன். "அது பங்கஜம், என் சிநேகிதி." "அது யாரோ." ஒருநாள் அவருக்கே பொறுமை போய்விட்டது. "முகத்தத் தேடாதே ஜெசி. முகத்துக்கு வேற ஆள் இருக்காங்க. நான் எங்க இருக்கேன்னா, அழறவ எங்க பாக்கறாளோ அங்க இருக்கேன்" என்றார்.

முரளி ஏன் அம்மாவை டீச்சர் என்று சொன்னார் என்று நான்தான் கேட்டேன். கேட்டபோது என் குரலில் கொஞ்சம் குத்தலும் இருந்திருக்க வேண்டும். வேதாம்மா உடனே மகன் பக்கம் போய்விட்டார். முரளியின் அப்பா ஸ்டூடியோவில் எலக்ட்ரீஷியன். பிள்ளை கைக்குழந்தையாக இருக்கும்போதே காய்ச்சலில் போய்விட்டார். வடபழனியில் பள்ளிக்கூடம் போன காலத்தில் மற்ற பையன்கள் இவனை "எக்ஸ்ட்ரா நடிகை மகன்" என்று கூப்பிட்டிருக்கிறார்கள். அந்தச் சொல்லுக்குள் அந்தக் காலத்தில் என்னென்ன அர்த்தம் வைத்துப் பேசினார்கள் என்று உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. அதிலிருந்து அவர் பழைய படம் எதையும் பார்ப்பதில்லை. டிவியில் கறுப்பு வெள்ளை வந்தால் சேனலை மாற்றிவிடுவார். "குழந்தையில பட்டது கண்ணு. அவனச் சொல்லக் கூடாது" என்றார்.

நீங்கள் ஏன் நடிப்பதை விட்டீர்கள் என்று கேட்டதற்கு, "கலர் வந்துடுச்சு, பழைய ஆளுங்க போயிட்டாங்க, எனக்கும் சலிச்சுப் போச்சு" என்றார். அதற்குப் பிறகு ரவிக்கை தைத்து மகனைப் படிக்க வைத்திருக்கிறார். இந்தப் பதிலை மட்டும் அவர் என்னைப் பார்க்காமல் சொன்னார். நான் அப்போது அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

ஆனால் அவருக்கு ஓர் ஆசை இருந்தது. ஒரே ஒரு ஆசை. முரளி ஒரு தடவை, ஒரே ஒரு காட்சியை உட்கார்ந்து பார்க்க வேண்டும். "நான் தப்பா ஒண்ணும் செய்யலன்னு காட்டறதுக்கு இல்ல. அது அவனுக்கே தெரியும். நான் நல்லா செஞ்சேன்னு அவன் பாக்கணும்" என்றார். இதைச் சொன்னபோது அவர் பீன்ஸுக்கு நார் எடுத்துக்கொண்டிருந்தார். கை நிற்கவில்லை.

அந்தக் காட்சி கிடைத்ததே தனிக் கதை. அவர் மனதில் வைத்திருந்த படத்தை எங்கே தேடியும் கிடைக்கவில்லை. கடைசியில் யாரோ ஒரு புண்ணியவான் பழைய வீடியோ கேசட் ஒன்றிலிருந்து இணையத்தில் ஏற்றியிருந்தார். அதுவும் நம் வளைகுடாக் கேசட். நம்மில் மூத்தவர்களுக்கு நினைவிருக்கும், அந்தக் காலத்தில் இங்கே வாடகைக்குக் கிடைத்த கேசட்டுகளில் படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே அடியில் பட்டையாகக் கடை விளம்பரம் ஓடும். கதாநாயகன் சாகும்போது நகைக்கடைக்கு வரச் சொல்வார்கள். ஒரு வெள்ளிக்கிழமை காலை, முரளியும் மனைவியும் வெளியே போயிருந்த நேரத்தில், வேதாம்மாவை என் அறைக்கு அழைத்து வந்து டிவியில் அதைப் போட்டேன்.

கதாநாயகி தன் கல்யாணம் நின்றுபோனதைத் தோழியிடம் சொல்லி அழுகிற காட்சி. தோழியின் முகம் காட்டப்படும்போதெல்லாம் அது வேறொரு நடிகை, டைட்டிலில் பெயர் உள்ளவர். கதாநாயகியின் முகத்துக்குக் கேமரா திரும்பும்போது திரையின் இடது ஓரத்தில் தெரியும் தோளும் பின்னந்தலையும் வேதவல்லி. சரியாக அந்த நேரம் பார்த்து அடியில் பட்டை ஓட ஆரம்பித்தது. ஏதோ ஒரு ஜவுளிக்கடை, எல்லா வகைப் புடவைகளும் கிடைக்கும், கார் நிறுத்த வசதி உண்டு. தோளை முழுக்க மறைத்துவிட்டது. பூ வைத்த கொண்டையும், இடது பக்கம் சாய்ந்த தலையும், ஒரு காதும் மட்டும் மேலே தெரிந்தன. எனக்கு ஆத்திரத்தில் டிவியை அடிக்கலாம் போல இருந்தது. அவரோ, "பாத்தியா, அறுவது வருஷம் கழிச்சு என் தோள் மேல புடவைக் கடை நடத்தறாங்க" என்று சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு முன்னால் குனிந்து பார்த்தார். அந்தம்மா அழுது முடிக்கும் வரை கண் இமைக்காமல் பார்த்தார். "நல்லா வந்திருக்கு" என்றார், மெதுவாக.

அன்றிலிருந்து, முரளிக்கு லீவு நாளான வெள்ளிக்கிழமைகளுக்காகக் காத்திருந்தார். முரளி கெட்டவர் இல்லை. அம்மாவின் மாத்திரையை நேரத்துக்கு எடுத்து வைப்பார், குளிர்காலத்தில் ஹீட்டரை அவர் அறையில்தான் வைப்பார். "முரளி, ஜெசி வீட்டுல ஒரு படம் இருக்கு, அஞ்சு நிமிஷம்" என்றால், "பாக்கலாம்மா" என்பார். ஒரு வெள்ளி கார் சர்வீஸ். ஒரு வெள்ளி மனைவியின் தம்பி அபுதாபி ருவைஸிலிருந்து வந்திருந்தார். ஒரு வெள்ளி மணல்காற்று, எல்லோருக்கும் தலைவலி. என்ன படம் என்று அவர் கேட்கவில்லை. கேட்காததிலிருந்தே அவருக்குத் தெரியும் என்பது எங்களுக்குப் புரிந்தது. சனிக்கிழமை நான் கதவைத் தட்டினால், "இந்த வாரம் அவனுக்கு வேலை" என்று கதவைத் திறக்கும்போதே சொல்லிவிடுவார். பிறகு டீ போடுவார்.

அவருக்கு நான் உதவப் பார்த்ததும் ஒருமுறை உண்டு. வீட்டிலுள்ள எல்லோர் பேச்சையும் கேட்கிற இந்த அம்மாவின் பேச்சைக் கேட்க ஆள் இல்லையே என்று ஒருநாள் எனக்கு மனம் பொறுக்கவில்லை. "இன்னைக்கு நீங்க சொல்லுங்கம்மா. நான் கேக்குதேன்" என்று அவரைப் போலவே அடுப்புப் பக்கம் ஒதுங்கி, தலையைச் சாய்த்து நின்றேன். அவருக்கு வேடிக்கையாக இருந்தது. ஆனாலும் தொடங்கினார். "எங்கக்கா போன அன்னிக்கு..." என்று நாலு வாக்கியம் வந்திருக்கும். நிறுத்திவிட்டார்.

"உனக்கு வாய்க்கல கண்ணு," என்றார். "எனக்கு என்ன ஆறுதல் சொல்றதுன்னு உள்ள தயார் பண்ணிக்கிட்டு இருக்கே. முகத்துல தெரியுது." உண்மையில் ஒரு நல்ல வாக்கியத்தைத் தயார் செய்துகொண்டுதான் இருந்தேன். அப்போது அவர் சொன்னதைத்தான் நான் இன்றைக்கும் டூட்டியில் நினைத்துக்கொள்கிறேன். "கேமராவுக்கு முதுகுதானே, யார் பாக்கப் போறாங்கன்னு முகத்தச் சும்மா வெச்சுக்கக் கூடாது. தியேட்டர்ல ஒருத்தரும் பாக்க மாட்டாங்க, சரி. ஆனா அழறவ பாக்கறாளே. அவளுக்கு வேற முகம் கிடையாது." அக்கா இறந்த அன்றைக்கு என்ன நடந்தது என்பதை அவர் எனக்குச் சொல்லவே இல்லை.

காலமான அன்று வேதாம்மா அதிகாலையில் நெஞ்சு வலி என்றிருக்கிறார். ஆம்புலன்ஸ் வருவதற்குள் முடிந்துவிட்டது. நர்ஸாக இருந்து என்ன பயன், எதிர் வீட்டில் இருந்திருந்தால் கையையாவது பிடித்திருப்பேன். நான் அந்த நேரத்தில் வேறு யாருடைய அம்மாவுக்கோ டிரிப் மாற்றிக்கொண்டிருந்தேன். உடலை ஊருக்கு அனுப்பும் முன் பிணவறையில் முகம் காட்டினார்கள். எங்கள் கட்டடத்திலிருந்து கொஞ்சம் பேர் வந்திருந்தார்கள். தமிழ்ச் சங்கத்தைச் சேர்ந்த ஒரு பெரியவர், நல்ல மனிதர், இரங்கல் சொல்ல முன்வந்து, "எத்தனையோ மாணவச் செல்வங்களுக்கு அறிவுக் கண் திறந்த ஆசிரியை" என்று பேசினார். முரளி தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். நான் வேதாம்மாவின் முகத்தைப் பார்த்தேன். அவருடைய முகத்தை எல்லோரும் ஒரே நேரத்தில் பார்த்தது அன்றைக்குத்தான். அதைப் பார்க்க அவர் இல்லை. அங்கே நிற்க முடியாமல் வெளியே வந்துவிட்டேன்.

முரளி ஊரில் காரியங்களை முடித்துவிட்டுத் திரும்பி வந்த வாரம், வெள்ளிக்கிழமை பகலில் என் கதவைத் தட்டினார். மொட்டை அடித்த தலையில் முடி அப்போதுதான் முளைத்திருந்தது. உள்ளே வரவில்லை. செருப்பைக் கழற்றுவதா வேண்டாமா என்று யோசிப்பவராக வாசலில் நின்றார்.

"அம்மா உங்ககிட்ட ஏதோ படம் இருக்குன்னு சொல்லிட்டே இருப்பாங்க" என்றார். "இன்னிக்கு வெள்ளிக்கிழமை."

எனக்கு நாக்கின் நுனியில் "இப்பத்தானா?" என்று ஒரு வார்த்தை நின்றது. சொல்லவில்லை. உட்காரச் சொல்லிவிட்டு டிவியைப் போட்டேன். காட்சி தொடங்கியதும் அவர் நான் செய்த அதே தப்பைச் செய்தார். தோழியின் முகம் வந்தபோது எழுந்து கிட்டே போய்ப் பார்த்தார். பின்னால் தண்ணீர் எடுத்துப் போகிற பெண்ணைப் பார்த்தார். "இதுல எங்க இருக்காங்க? எனக்கு அடையாளம் தெரியலையே" என்று என்னைத் திரும்பிப் பார்த்தார். பெற்ற தாயை அடையாளம் தெரியவில்லையே என்ற பயம் அவர் கண்ணில் இருந்தது.

"முகத்தத் தேடாதீங்க சார்" என்றேன். "அந்தம்மா எங்க பாத்து அழுதாங்களோ, அங்க பாருங்க."

கேமரா திரும்பியது. கதாநாயகி பேசத் தொடங்கினார். அடியில் ஜவுளிக்கடை ஓடியது. அதற்கு மேலே பூ வைத்த கொண்டையும், இடது பக்கம் லேசாகச் சாய்ந்த தலையும். முரளி நின்ற இடத்திலேயே நின்றுவிட்டார். காட்சி முடியும் வரை அசையவில்லை. முடிந்ததும் "இன்னொரு தடவ போடுங்க" என்றார். போட்டேன்.

"நாலாவது படிக்கும்போது" என்று டிவியைப் பார்த்தபடியே ஆரம்பித்தார். "ஒருநாள் ஸ்கூல்லேர்ந்து அழுதுக்கிட்டே வந்தேன். பசங்க என்னென்ன சொன்னாங்களோ அவ்வளத்தையும் அம்மாகிட்டயே சொன்னேன். அவங்களப் பத்தித்தான். அந்த வார்த்தையெல்லாம் அர்த்தம்கூட எனக்குத் தெரியாது, அப்படியே ஒப்பிச்சேன். நீ ஏன் எனக்கு அம்மாவா இருக்கேன்னு கேட்டேன்." திரையைக் கைகாட்டினார். "இப்படித்தான் நின்னாங்க. இதே மாதிரி தலையச் சாய்ச்சுக்கிட்டு. நான் முடிக்கற வரைக்கும் ஒரு வார்த்த பேசல. முகம் மாறல. நான் அழுது முடிச்சதும் மூஞ்சக் கழுவிவிட்டு சோறு போட்டாங்க."

"அதுக்கப்பறம் அவங்க ஸ்டூடியோவுக்குப் போகவே இல்ல" என்றார். "கலர் வந்துடுச்சு, அதனால நின்னுட்டாங்கன்னு சொன்னாங்க. நானும் அப்படியே நெனச்சுக்கிட்டேன். நெனச்சுக்கறது எனக்கு சௌகரியமா இருந்துச்சு."

அவர் டிவிக்கு முன்னால் உட்கார்ந்து அழத் தொடங்கினார். ஓய்வு வயதை நெருங்குகிற ஒரு மனிதர், நாலாவது வகுப்புப் பையனைப் போல மூக்கை முழங்கையில் துடைத்துக்கொண்டு அழுதார். "நல்லா செஞ்சிருக்காங்க" என்றார். "எவ்வளவு நல்லா செஞ்சிருக்காங்க." அதைத்தான் அவர் சொல்ல வேண்டும் என்று ஓர் அம்மா எத்தனையோ வெள்ளிக்கிழமைகள் காத்திருந்தார் என்று நான் சொல்லியிருக்கலாம். சொன்னால் அது உண்மையாகவும் இருந்திருக்கும்.

போகும்போதுதான் அவர் கேட்டார், அம்மாவைப் பற்றி எழுத முடியுமா என்று. என்ன வேலை செய்தார் என்று எழுதுங்கள், பெயரைப் போட்டு எழுதுங்கள் என்றார். எழுதிவிட்டேன். அவர் பெயர் வேதவல்லி. டைட்டிலில் "மற்றும் பலர்" என்று வரும் இடத்தில் இனி நீங்கள் அவசரப்பட்டுத் தாண்டிப் போக வேண்டாம். படத்தில் யாராவது அழுதால், அவர்கள் யாரைப் பார்த்து அழுகிறார்கள் என்று திரையின் ஓரத்தையும் ஒருமுறை பாருங்கள்.

எதிர் வீட்டுக் கதவு இப்போது பகலில் திறப்பதில்லை. நைட் டூட்டி முடிந்து வந்தால் நானே டீ போட்டுக் குடித்துவிட்டுப் படுத்துக்கொள்கிறேன். வேதாம்மாவிடமிருந்து நான் வைத்துக்கொண்டது ஒன்றே ஒன்றுதான். அதுவும் அவர் இருக்கும்வரை எனக்கு வாய்க்கவில்லை. அந்த வெள்ளிக்கிழமை முரளி என் டிவிக்கு முன்னால் உட்கார்ந்து அழுதபோது நான் சுவரோரமாக, அவருக்குக் கொஞ்சம் ஒதுங்கி நின்றிருந்தேன். அவர் நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தார். ஆறுதலாக என்ன சொல்வது என்று நான் யோசிக்கவில்லை. அவர் அழுது முடிக்கும் வரை அப்படியே நின்றேன்.